மகள் கேட்ட கேள்வி

பாடசாலை அனுமதிப் படிவத்திலே 'தந்தையின் தொழில்' என்றொரு கட்டம் உண்டு. கமம், மீன்பிடி, கடை வியாபாரம், அரசாங்க உத்தியோகம் என நாலைந்து சொற்களுக்குள் நம் வாவிக்கரைப் பிள்ளைகளின் விடைகள் பெரும்பாலும் அடங்கிவிடும். அந்தக் கட்டத்தில் உண்மையை எழுத இயலாத ஒரு வீட்டைக் கருவாக வைத்து அமெரிக்காவில் ஒரு தொலைக்காட்சி நாடகம் எடுத்தார்கள். 'த சொப்ரானோஸ்' என்பது அதன் பெயர். டேவிட் சேஸ் என்பார் உருவாக்கிய அந்நாடகம் 1999 ஜனவரியில் தொடங்கி 2007 ஜூனில் 86 பகுதிகளோடு முடிவுற்றது. அதன் தலைமைப் பாத்திரமாகிய டொனி சொப்ரானோ, நியூ ஜேர்சி மாநிலத்தில் ஒரு குற்றக் கும்பலின் தலைவன். ஊரார் கேட்டால், தான் குப்பை அகற்றும் தொழிலில் ஆலோசகன் என்று சொல்லிக்கொள்பவன்.

தொடர் முழுவதையும் பற்றி எழுத நமக்கு இடமுமில்லை, விருப்பமுமில்லை. வசைமொழிக்கும் ஆபாசத்துக்கும் அதிற் பஞ்சமே கிடையாது. ஆயினும் முதலாண்டின் ஐந்தாம் பகுதியாக 1999 பெப்ரவரி 7ஆம் திகதி ஒளிபரப்பான 'கல்லூரி' என்னும் பகுதி, ஆசிரியத் தொழில் செய்யும் நம்மைச் சற்று நிறுத்திவைக்கிறது. கல்லூரி தேடிப் புறப்பட்ட ஒரு தகப்பனையும் மகளையும் பற்றிய கதை அது. மகளை மோட்டார் சைக்கிளின் பின்னால் ஏற்றிக்கொண்டு வந்தாறுமூலைப் பல்கலைக்கழக வாசலிற் வந்து நின்று, படிப்புப் பிரிவுகளைப் பற்றிக் கூச்சத்தோடு விசாரிக்கும் தந்தையரை நாம் கண்டிருக்கிறோம். அந்தக் கூச்சமும் பெருமையும் டொனியிடத்திலும் இருக்கின்றன. அதுதான் கதையின் வினோதம்.

டொனியின் மகள் மெடோ கெட்டிக்காரி. மேய்ன் மாநிலத்திலுள்ள பேட்ஸ், கோல்பி, போடின் ஆகிய கல்லூரிகளைப் பார்த்துவரத் தகப்பனோடு காரிற் செல்கிறாள். வழியில், வேறு பேச்சுக்கிடையே, தந்தை மாபியாக் கூட்டத்தைச் சேர்ந்தவரா என்று நேராகவே கேட்டுவிடுகிறாள். அவன் முதலிற் கோபிக்கிறான், மறுக்கிறான், பின்னர், தன் வருமானத்தில் ஒரு பங்கு சட்டவிரோதச் சூதாட்டம் முதலியவற்றால் வருவது என்று அரைவாசி ஒப்புக்கொள்கிறான். அந்த அரை உண்மைக்கே மகளின் உள்ளம் நெகிழ்ந்துவிடுகிறது. பரீட்சைக்குக் கண்விழிக்கத் தானும் ஊக்க மாத்திரை விழுங்கியதை அவள் தகப்பனிடம் சொல்லிவிடுகிறாள். பிள்ளை மனம் திறப்பதற்குப் பெரியவர்கள் கொடுக்கவேண்டிய விலை எவ்வளவு குறைவானது!

ஆனால் வழியில் ஓரிடத்தில் டொனி பழைய ஆள் ஒருவனைக் கண்டுவிடுகிறான். பெற்றூலியோ என்பவன், முன்பு கூட்டத்தில் இருந்து, பின்பு அரசாங்கத்துக்குத் துப்புக் கொடுத்து, பெயரை மாற்றிக்கொண்டு பிரயாண முகவர் நிலையம் நடத்தி வாழ்பவன். மனைவியும் சிறு மகளும் உண்டு. மெடோ கோல்பிக் கல்லூரியில் நேர்முகத்துக்குச் சென்றிருக்கும் வேளையில், டொனி அவனைத் தேடிச்சென்று கம்பியாற் கழுத்தை நெரித்துக் கொல்லுகிறான். பின்பு மகளை அழைத்துச் செல்ல வருகிறான். சப்பாத்திற் சேறு, கையிற் காயம். மகள் கேட்கிறாள், அவன் பொய் சொல்கிறான், பொய்யென்று அவளுக்குத் தெரிகிறது. அதன்பின் அவள் அதிகம் பேசுவதில்லை.

தலைமைப் பாத்திரமே ஒருவனைக் கைகளாற் கொன்றால் பார்ப்போர் வெறுத்துவிடுவார்களே என்று தொலைக்காட்சி நிலையத்தார் அஞ்சினர். கொல்லாவிட்டால் அவன் யாரென்பதே பொய்யாகிவிடும் என்று சேஸ் விடாப்பிடியாக நின்றார். இந்தப் பகுதியின் எழுத்துக்காக அவருக்கும் ஜேம்ஸ் மனோசுக்கும் அவ்வாண்டின் எமி விருது கிடைத்தது. போடின் கல்லூரியின் சுவரில் அங்கு கற்ற நதானியேல் ஹோதோர்ன் என்ற நாவலாசிரியரின் வாக்கியமொன்று பொறித்திருக்கிறது. தனக்கொரு முகமும் உலகத்துக்கொரு முகமும் பூணுகிறவனைப் பற்றியது. மகளுக்காகக் காத்திருக்கும் டொனி அதை அண்ணாந்து படிக்கிறான். கருத்து நல்லதுதான், ஆயினும் சுவரில் எழுதிக்காட்டாமலே நமக்கு விளங்கியிருக்கும் என்பது நம் எண்ணம்.

நம்மை அதிகம் தொட்டது கொலையன்று. அதற்கு முந்திய இரவில் ஊரிலுள்ள வீட்டில் நடப்பதுதான். மனைவி கார்மெலா, பார்க்க வந்த பாதிரியாரிடம் பாவமன்னிப்புக் கேட்கிறாள். கணவன் செய்வது தனக்குத் தெரியுமென்றும், பிள்ளைகளுக்கு எல்லாம் வேண்டுமென்ற ஆசையால் தீமையை வீட்டுக்குள் வரவிட்டதாகவும் சொல்லி அழுகிறாள். வான்மீகி முனிவரைப் பற்றி வழங்கும் கதை வாசக அன்பர்களுக்குத் தெரியும். வழிப்பறிக் கள்வனாய் இருந்த அவரிடம், உன் பாவத்திற் பங்கு கொள்வார்களா என்று வீட்டாரைக் கேட்டு வா என்றார் பெரியவர். உணவில் பங்கு எமக்கு, பாவம் உமக்கே என்றார்கள் மனைவி மக்கள். கள்வன் திருந்தினான். இங்கோ, மனைவி தன் பங்கையும் ஒப்புக்கொள்கிறாள்; அழுது முடித்து அதே வீட்டில் அதே வசதியோடு வாழ்கிறாள். நம் கதையிலே வீட்டாரின் கைவிரிப்பு ஒருவனைக் காப்பாற்றிற்று. இந்த வீட்டிலே ஒப்புக்கொண்டும் ஒருவரும் மாறவில்லை.

தமிழிலே இதே கேள்வியைக் கேட்ட படம் ஒன்று அதற்கு முன்பே வந்தது. 1987 தீபாவளிக்கு வெளிவந்த மணிரத்தினத்தின் 'நாயகன்' அது. தமிழ்நாட்டிலிருந்து பம்பாய் சென்று, விக்டோரியா ரெயில் நிலையத்திற் சுமைகூலியாகத் தொடங்கிக் கள்ளச் சாராயத்தாலும் கடத்தலாலும் பெரும்புள்ளியான வரதராஜ முதலியாரின் வாழ்வு அக்கதைக்கு வித்து. மாட்டுங்காவில் விநாயக சதுர்த்திக்கு அவர் போட்ட பந்தல்கள் பேர்போனவை. படம் வெளியான சில மாதங்களில், 1988 ஜனவரியில், சென்னையில் அவர் இறந்தார். கமல்ஹாசன் நடித்த வேலு நாயக்கர் ஏழைகளுக்கு வாரி வழங்குவார். மகள் சாருமதிக்கு அது போதவில்லை. அண்ணன் சூர்யா தந்தையின் தொழிலுக்கே பலியானபின் அவள் வீட்டைவிட்டு வெளியேறுகிறாள். கடைசியிற் பேரன் தாத்தா நல்லவரா கெட்டவரா என்று கேட்க, கிழவர் தெரியவில்லை என்கிறார். அந்த விடையை நகைச்சுவையாகச் சொல்லித் திரிவது நம் இளைஞர்க்கு வழக்கமாகிவிட்டது. ஆனால் சாருமதி அந்தப் பதிலுக்காகக் காத்திருக்கவில்லை; வெளியேறிய அன்றே அவள் தீர்ப்புக் கூறிவிட்டாள். மெடோ மௌனமானாள்; சாருமதி படலையைத் தாண்டினாள். நமக்குச் சாருமதியைத்தான் பிடிக்கிறது.

மட்டக்களப்புக்கு இக்கதைகள் அந்நியமானவை அல்ல. சிற்றரசர் பேரரசருக்குச் செலுத்திய திறையைக் குறித்த 'கப்பம்' என்ற சொல், நம் காலத்தில் துவக்கைக் காட்டி வாங்கும் பணத்துக்குப் பெயராயிற்று. 2009ஆம் ஆண்டில் இந்நகரிலே பாடசாலை மாணவியான எட்டு வயதுச் சிறுமி ஒருத்தி கப்பத்துக்காகக் கடத்தப்பட்டாள். சில நாள்களிற் பிணமாகவே கிடைத்தாள். அவள் பெயரை இங்கே எழுதவில்லை. அன்று இங்கிருந்தோர்க்கு எழுத வேண்டியதுமில்லை. அந்த ஆண்டுகளிற் கப்பமாக வாங்கிய பணமெல்லாம் ஏதோ சில வீடுகளில் அரிசியாகவும் சேலையாகவும் பிள்ளைகளின் ரியூசன் காசாகவும் மாறியிருக்கத்தான் வேண்டும். அவ்வீடுகளில் யாரேனும் கேட்டார்களா? கேட்டவர்களுக்கு அரைவாசிப் பதிலாவது கிடைத்ததா? இன்று வாவியோரக் கண்டற் காட்டுக்குள் கசிப்புக் காய்ச்சுகிறவனுக்கும், அனுமதியின்றி இரவோடிரவாக ஆற்று மணலை ஏற்றுகிறவனுக்கும் பள்ளி செல்லும் பிள்ளைகள் உண்டு. படிவத்தில் அவர்கள் 'கூலித்தொழில்' என்று எழுதுவார்கள். நாமும் வாசித்துவிட்டுக் கையெழுத்திடுவோம்.

இவ்விரண்டையும் பிள்ளைகளுக்குக் காட்டலாமா என்று பெற்றோர் கேட்கலாம். 'நாயகன்' படத்தை வளர்ந்த பிள்ளைகளோடு கூடவிருந்து பாருங்கள். இறுதியில் வேலு நாயக்கரைச் சுடுகிறவன் யாருடைய மகன் என்பதைக் கவனிக்கச் சொல்லுங்கள். அவன், வேலு நாயக்கர் இளமையிற் கொன்ற பொலிஸ் அதிகாரியின் மகன், புத்தி வளராதவன், அவர் கொடுத்த பணத்திலேயே வளர்ந்தவன். 'கல்லூரி' பாடசாலைப் பிள்ளைகளுக்கு உரியதன்று. பல்கலைக்கழகம் புகுந்தோர் பார்க்கட்டும். பார்க்கும்போது டொனியின் நடிப்பிலேயே கண்ணை வைத்திராமல், அந்தப் பிரயாண முகவர் வீட்டுச் சின்னப் பெண்ணையும் ஒருமுறை பாருங்கள். ஓரிரு கணங்களே அவள் தோன்றுகிறாள். மீதியுள்ள 81 பகுதிகளில் அவளைப் பற்றிப் பேச்சே இல்லை.