விரில் என்னும் விபரீத சக்தி

மந்திரக்கோல் என்றதும், பூசணிக்காயைத் தேராக்கும் தேவதைக் கதையே நம் சிறார்களின் நினைவுக்கு வரும். ஒரு குழந்தை கையிற் பிடித்த கோலினாற் பெருங்கோட்டையையும் நீறாக்கலாம் என்று கூறும் கதையும் ஆங்கிலத்தில் உண்டு. ‘வரப்போகும் இனம்’ எனப் பொருள்படும் பெயரோடு அந்நாவல் 1871ஆம் ஆண்டில் வெளியாயிற்று. முதற்பதிப்பில் ஆசிரியர் பெயர் இல்லை. எழுதியவர் எட்வேட் புல்வர் லிற்றன் பிரபு. 1858, 1859ஆம் ஆண்டுகளிற் பிரித்தானியக் குடியேற்ற நாட்டு மந்திரியாக இருந்தவர். இலங்கையும் அக்காலத்தில் அவ்விலாகாவின் பொறுப்பிலேயே இருந்தது.

சுரங்கமொன்றில் இறங்கிய அமெரிக்க இளைஞன் ஒருவன், பூமிக்கடியில் வேறோர் உலகம் இருக்கக் காண்கிறான். அங்கு வாழ்வோர் ‘விரில்-யா’ எனப்படுவர். ‘விரில்’ என்னும் சக்தியை அடக்கியாள்வதால் வந்த பெயர் அது. இயற்கையில் நாம் வெவ்வேறாகக் காணும் சக்திகளெல்லாம் அதனுள் அடக்கம் என்பது கதை. உட்குழிவான கோலொன்றின் மூலம் அதனைச் செலுத்துவர். பிணி தீர்ப்பதும், ஒளி தருவதும், இயந்திரங்களை இயக்குவதும், பாறையைப் பிளப்பதும் அச்சக்தியே. செலுத்தும் முறையைச் சற்று மாற்றினால், எதிரே நிற்பவர் சாம்பராவர்.

இச்சக்தி எல்லார் கைக்கும் வந்தபின் விரில்-யா மக்களிடையே யுத்தம் ஒழிந்தது. படையோடு படை மோதினால் இரண்டும் அழியும் என்பதை அவர்கள் உணர்ந்தனர். வறுமையும் குற்றமும் அவர்களிடையே இல்லாது போயின. இவ்வளவில் நூலை மூடிவைப்போர்க்கு அது பொன்னுலகமாகவே தோன்றும்.

ஆனால், விரில் இல்லாத அயற்சாதியாரை அவர்கள் காட்டுமிராண்டிகள் என்றே எண்ணுகின்றனர். தமக்கு இடையூறு நேரின் அச்சாதியாரை அடியோடு அழிக்கவும் தயங்கார். கதை கூறும் இளைஞனுக்கும் அக்கதி நேர இருந்தது. அவன் தங்கிய வீட்டுப் பெண் அவன்மீது காதல் கொள்ள, அவனைச் சாம்பராக்கும் பணி ஒரு சிறுவனிடம் ஒப்படைக்கப்படுகிறது. அச்சிறுவன் அவனோடு நட்பாய்ப் பழகியவன். அவன் உள்ளத்திற் பகை சிறிதும் இல்லை. அப்பெண்ணே இளைஞனை மேலுலகத்துக்குக் கொண்டுவந்து காப்பாற்றுகிறாள்.

இந்நாவல் அக்காலத்தவரைப் பெரிதும் கவர்ந்தது. ‘பொவ்ரில்’ என்னும் மாட்டிறைச்சிச் சாற்றின் பெயரிற் பிற்பகுதி விரிலிலிருந்து வந்ததே. 1891ஆம் ஆண்டில் இலண்டன் றோயல் அல்பேட் மண்டபத்தில், மருத்துவமனையொன்றுக்கு நிதி திரட்டுவதற்காக விரில்-யா வேடம் புனைந்து விழாவும் எடுத்தனர். கோலின் வலிமையை வியந்தவர் பலர். அதனாற் சாம்பராவோரை எண்ணியவர் சிலரே.

1945ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத்தில் ஹிரோஷிமாவும் நாகசாகியும் எரிந்தபோது, கற்பனை உண்மையாயிற்று. அதன்பின், அணுகுண்டு உடையோர் ஒருவருக்கொருவர் அஞ்சி அடங்கியிருப்பதே சமாதானம் என்று வாதிப்போர் தோன்றினர். புல்வர் லிற்றன் கூறியதும் அதுவே. எனினும், குண்டு இல்லாதவர் அடைந்த கதியையும் நாம் பார்த்தல் வேண்டும். 1946 முதல் 1958 வரை அமெரிக்கா பசிபிக் சமுத்திரத்தின் மார்ஷல் தீவுகளில் 67 அணுகுண்டுச் சோதனைகளை நடத்தியது. பிக்கினித் தீவினர் தம் ஊரை விட்டு அகற்றப்பட்டனர். 1954ஆம் ஆண்டு மார்ச் 1ஆந் திகதி அங்கு வெடித்த குண்டினால், அயலிலுள்ள றொங்கெலாப் தீவில் நச்சுக் கதிர் கொண்ட வெண்டூள் மழைபோற் பொழிந்தது. அத்தீவினர் எவரோடும் யுத்தம் செய்தவரல்லர்.

சமவலியுடையோர் தம்முள் அஞ்சுவது அச்சமேயன்றி அறமாகாது. தன்னை எதிர்க்க இயலாதவனிடத்து ஒருவன் எவ்வாறு நடக்கிறான் என்பதிலேயே அவன் அறம் வெளிப்படும். விஞ்ஞானம் கற்கும் நம் மாணவர், எந்தப் புதிய சக்தியைப் பற்றிக் கேள்வியுற்றாலும், ‘இது யாது செய்யும்?’ என்று வினவுவதோடு நில்லாது, ‘இது கையில் இல்லாதவர் என்னாவர்?’ என்றும் வினவுவாராக.