வசதி பறித்த பேச்சு

சென்னை பழைய மகாபலிபுரம் சாலை விடுதிகளில் இரவானால் ஊரிலிருந்து போன் வரும். “சாப்டியாப்பா?” “சாப்டேம்மா.” “உடம்பு எப்படி இருக்கு?” “நல்லாருக்கேம்மா.” அவ்வளவுதான். மறுநாள் அலுவலகம் போகும்வரை அந்தப் பிள்ளை வாய் திறந்து பேச ஆளில்லை. அம்மாவிடம் சொன்னது பொய்யில்லை. சாப்பிட்டான், உடம்புக்கும் ஒன்றுமில்லை. மனசைப் பற்றித்தான் யாரும் கேட்கவில்லை.

“நாங்களும் திருவல்லிக்கேணி மேன்ஷன்ல தனியா இருந்தவங்கதான்” என்பார்கள் பெரியவர்கள். ஆனால் அங்கே ஓர் அறையில் மூன்று பேர் இருந்தார்கள். குளிக்க வரிசை, சாப்பிட மெஸ், மாதக் கடைசியில் கடன் சொல்ல டீக்கடை. மனம் சோர்ந்து கிடந்தாலும் நாலு பேரிடம் பேசாமல் பொழுது போகாது. முகம் வாடியிருந்தால் டீ ஆற்றுகிறவரே, “என்ன தம்பி, ஊர்ல எல்லாரும் சௌக்கியமா?” என்று கேட்டுவிடுவார்.

இன்று பாலும் பிரியாணியும் வாசலுக்கே வருகின்றன. பணத்தைப் போனே கட்டுகிறது. வழியையும் போனே சொல்கிறது. ஒவ்வொரு வசதியும் நம் நாளிலிருந்து ஒரு சின்னப் பேச்சை எடுத்துக்கொண்டது. அந்தப் பேச்சுகளுக்குப் பெரிய அர்த்தம் கிடையாது. ஆனால், ‘நான் இருப்பது இன்னொருவருக்குத் தெரியும்’ என்ற நிச்சயம் அவற்றில்தான் இருந்தது. அது போனபின் வருவதுதான் இந்த வெறுமை. இதை இளைஞர்களின் மனபலவீனம் என்று ஒதுக்குவது அநியாயம்.

தனிமை முதியவர்களின் துயரம் மட்டுமல்ல. உலகில் ஆறில் ஒருவரைத் தனிமை பாதிக்கிறது, இளம் வயதினரிடம் அது அதிகம் என்கிறது உலக சுகாதார நிறுவனத்தின் 2025ஆம் ஆண்டு அறிக்கை. பிரிட்டன் 2018இலும் ஜப்பான் 2021இலும் இதற்கென அமைச்சரையே நியமித்தன. நம் நகரங்களுக்கும் உட்கார்ந்து பேசப் பூங்காக்களும் நூலகங்களும் நடைபாதைகளும் வேண்டும். அவற்றை அரசு தரட்டும்.

நம்மால் முடிந்ததை நாம் தொடங்கலாம். இந்த வாரம் ஒரு ஆர்டரையாவது விட்டுவிட்டுத் தெருமுனை அண்ணாச்சி கடைக்கு நடந்து போங்கள். அவரிடம் இரண்டு வார்த்தை பேசுங்கள். பக்கத்து அறைத் தம்பியையும் கூட்டிப் போங்கள். பாரம் தாங்க முடியவில்லை என்றால் 14416 என்ற அரசின் இலவச மனநல உதவி எண்ணை அழையுங்கள். உதவி கேட்பதில் வெட்கமே வேண்டாம்.