ஆட்டக்களத்தில் தமிழுக்கு இடமில்லையா?

பெரம்பூரில் இன்று ஒரு புதிய மேடை எழுந்துள்ளது. அதற்குப் பந்தல் வேண்டுவதில்லை, ஒலிபெருக்கி வேண்டுவதில்லை, கூட்டம் நடத்தக் காவல்துறையின் ஒப்புதலும் வேண்டுவதில்லை. இளைஞன் ஒருவன் தன் கைப்பேசியில் ஆடுகின்றான். ஆடும் திரை அப்படியே காணொளியாகப் பதிகின்றது. ஆட்டத்தின் ஒலியோடு அவன் குரலும் உடன் பதிகின்றது. முன்னாளில் இதற்குக் கணிப்பொறியும் தனிக்கருவியும் வேண்டியிருந்தன. ஐபோனில் 2017 முதலும், ஆண்ட்ராய்டு கைப்பேசிகளில் 2020-இல் வந்த 11-ஆம் பதிப்பு முதலும், திரைப்பதிவு உள்ளமைந்தே வருகின்றது. பதிந்ததை யூடியூப் எனும் வலையொளித் தளத்தில் ஏற்றிவிட்டால், ஓட்டேரியில் இருப்பவனும் கேட்கின்றான். யாழ்ப்பாணத்தில் இருப்பவனும் கேட்கின்றான். மலேசியத் தமிழனும் கேட்கின்றான். தமிழ்ப்புலவர் பலர் தம் வாழ்நாள் முழுதும் பேசியும் பெறாத அவை அது!

அந்த அவையில் ஒலிக்கும் மொழி யாது? ‘எனிமி நாக் ஆயிட்டான், சோன் வருது, கவர் பண்ணு, லூட் பண்ணு, ரிவைவ் பண்ணு’. தமிழ் நெஞ்சங்களே! இத்தொடரை ஒருமுறை நிறுத்திப் பாருங்கள். பெயர்ச்சொல் ஆங்கிலம், வினையின் உயிரும் ஆங்கிலம். ‘பண்ணு’ என்னும் ஒட்டு மட்டுமே தமிழ். ஈராயிரம் ஆண்டு இலக்கிய வளம் வாய்ந்த மொழி, அயற்சொற்களைச் சேர்த்துக் கட்டும் கயிறாகத் தேய்ந்து கிடக்கின்றது. இதனினும் இரங்கத்தக்கது ஒன்றுண்டு. இக்காணொளிகளின் தலைப்பில் ‘தமிழ்’ என்னும் பெயரை ஆடுவோர் தவறாமல் இடுகின்றனர். ஏன்? தமிழில் கேட்க விழைவோர் இலக்கக்கணக்கில் உள்ளனர் என்பதை அவர்கள் அறிவர். ஓராயிரம் பின்தொடர்வோரும் ஓராண்டிற்குள் 4,000 மணிநேரப் பார்வையும் சேர்ந்தால் விளம்பர வருவாயில் பங்கு கிடைக்கும். அவ்வருவாய்க்குத் தமிழ் வேண்டும். கடைப்பலகையில் தமிழ், கடைக்குள் தமிழ் இல்லை! தமிழ் என்னும் அப்பெயரும் பல தலைப்புகளில் உரோமன் எழுத்தில்தான் எழுதப்படுகின்றது.

இது கண்டு தமிழ்ப்பெரியோர் செய்வது என்ன? முகம் சுளிக்கின்றனர். ‘வீண்பொழுது, கெட்ட பழக்கம், இதற்கும் தமிழுக்கும் என்ன தொடர்பு?’ என்று கதவைச் சாத்திக்கொள்கின்றனர். அரசோ தடையொன்றே மருந்தெனக் கருதுகின்றது. 2020 செப்டம்பர் 2-ஆம் நாள் பப்சி உள்ளிட்ட 118 செயலிகளை இந்திய அரசு தடை செய்தது. ஆட்டம் நின்றதா? வேறு பெயரில் 2021-இல் மீண்டும் வந்தது. அவ்வாண்டு சூன் திங்களில், பப்சி ஆடி அதனை வலையொளியில் பரப்பிவந்த மதன் என்பார், ஆட்டத்தினூடே பெண்களை இழித்துப் பேசினார் என்னும் குற்றச்சாட்டின்பேரில் தருமபுரியில் பிடிக்கப்பட்டார். பின்னர்க் குண்டர் தடுப்புச் சட்டமும் அவர்மீது ஏவப்பட்டது. அவ்வழக்கைச் சட்டம் பார்த்துக்கொள்ளும். நாம் கேட்க வேண்டிய கேள்வி வேறு. அத்தகைய பேச்சைச் சிறுவர் திரள்திரளாகக் கேட்டுக்கொண்டிருந்த காலத்தில், அதே களத்தில், அதே விரைவோடு, நல்ல தமிழ் பேசிய குரல்கள் எத்தனை இருந்தன? ஆளில்லா வயலில் களை முளைத்தால் குற்றம் களையினுடையது மட்டுந்தானா?

ஆட்டத்தைத் தொட்டால் தமிழ் தீட்டுப்படும் என்போர் தொல்காப்பியத்தைத் திறந்து பார்க்கட்டும். ‘வல்’ என்பது பண்டைத் தமிழர் ஆடிய பலகை ஆட்டத்தின் கருவி. வல் என்னும் அச்சொல், ‘நாய்’, ‘பலகை’ என்னும் சொற்களோடு சேருங்கால் எவ்வாறு திரியும் என்பதற்குப் புள்ளிமயங்கியலில் தொல்காப்பியர் தனி நூற்பாவே இயற்றினார். நாய் என்பது ஈண்டு ஆட்டக்காய். வல்லநாய், வல்லப்பலகை என்னும் வடிவங்களை உரையாசிரியர்கள் எடுத்துக்காட்டினர். ஆட்டக்காயின் பெயருக்கும் இலக்கணம் வகுத்தார் நம் முதற்பேராசான்! ‘இஃது ஆடுகளப் பேச்சு, எனக்கெதற்கு?’ என்று அவர் முகம் திருப்பினாரா?

‘கழகம்’ என்னும் சொல்லையும் எண்ணிப் பாருங்கள். வள்ளுவப் பெருந்தகை சூது என்னும் அதிகாரத்தில், சூதாடும் இடத்தையே கழகம் என்று சுட்டினார். அச்சொல்லைத் தமிழர் விலக்கி எறிந்தனரோ? இல்லை. அறிஞர் கூடும் இடத்திற்கும் நூல் பதிப்பிக்கும் அமைப்பிற்கும் மக்கள் இயக்கங்களுக்கும் அதனைப் பெயராக்கி உயர்த்தினர். சூதை நாம் ஏற்கவில்லை. பணம் வைத்தாடும் இணைய ஆட்டங்களை 2025-இல் இந்திய நாடாளுமன்றம் சட்டத்தால் தடுத்தது முறையே. ஆயினும் சொல் வேறு, சூது வேறு. இழிந்த இடத்தில் கிடந்த சொல்லையும் எடுத்துத் துடைத்து ஏற்றி வைப்பது தமிழர் மரபு.

இனி, ‘அவ்வளவு விரைவான ஆட்டத்திற்குத் தமிழில் சொல் ஏது?’ என்பர். நூற்றுவர் ஒரு நிலத்தில் இறங்கி, சுருங்கிவரும் வளையத்துள் ஒருவரை ஒருவர் வீழ்த்தி, எஞ்சி நிற்பவரே வெல்லும் ஆட்டம் அது. போருக்குச் சொல் இல்லாத மொழியா தமிழ்? ஆநிரை கவர்தல் வெட்சி, மீட்டல் கரந்தை, மதிலை வளைத்தல் உழிஞை, காத்தல் நொச்சி, பொருதல் தும்பை, வெல்லுதல் வாகை என்று போரின் ஒவ்வொரு நிலைக்கும் ஒரு பூவைச் சூட்டிப் பெயரிட்ட இனம் நாம்! லூட் என்பதற்கு ‘வாரு’. ரிவைவ் என்பதற்கு ‘எழுப்பு’. கவர் என்பதற்கு ‘அரண்’. சோன் என்பதற்கு ‘வளையம்’. நாக் ஆயிட்டான் என்பதற்கு ‘வீழ்ந்தான்’. எனிமி என்பதற்குப் ‘பகை’. ஒளிந்திருந்தே சுடுபவனுக்குப் ‘பதுங்கி’. ‘பகை வீழ்ந்தான், வாரு!’ என்று சொல்லிப் பாருங்கள். ‘எனிமி நாக் ஆயிட்டான், லூட் பண்ணு’ என்பதனினும் இது நீண்டதா? நாவுக்கு அரியதா?

ஈண்டுச் சொல்லாக்க அறிஞர்க்கும் ஒன்று கூறியாதல் வேண்டும். எட்டெழுத்து, பத்தெழுத்துச் சொற்களை இருந்த இடத்திலேயே ஆக்கி, அகரமுதலியில் அடைத்து, மாநாட்டில் வெளியிட்டு, நிலைப்பேழையில் பூட்டிவிடுவது சொல்லாக்கம் ஆகாது. கண்ணிமைக்கும் பொழுதில் கத்திச் சொல்ல வேண்டிய இடத்தில், மூச்சு வாங்கும் சொல்லை எவன் சொல்வான்? ஆடுபவன் வாயில் ஏறாத சொல் அகரமுதலியில் ஏறி ஆவதென்ன? சொல்லை ஆக்குபவர் ஆடுபவன் அருகில் அமர்ந்து கேட்டு ஆக்குதல் வேண்டும்.

‘ஆங்கிலச் சொல் நான்கு கலந்தால் குடியா முழுகிவிடும்?’ என்று கேட்போர், சடுகுடுவின் கதையை எண்ணட்டும். அது நம் மண்ணில் நாம் ஆடிய ஆட்டம். மூச்சடக்கிப் பாடிச் சென்றவனை இன்று ‘ரைடர்’ என்கின்றனர்; பிடித்தலை ‘டேக்கிள்’ என்கின்றனர். நம் ஆட்டத்தை நமக்கே அயல்மொழியில் விளக்குகின்றனர்! ஆட்டத்தின் பெயர்களை எவன் வைத்திருக்கின்றானோ அவனே ஆட்டத்திற்கு உடையவன். பப்சியைப் படைத்த தென்கொரியரைப் பாருங்கள். கணினி ஆட்டங்களை ஒளிபரப்புதற்கென்றே ஆன்கேம்நெட் என்னும் தொலைக்காட்சியை 2000-ஆம் ஆண்டிலேயே தொடங்கி, தம் மக்களுக்குத் தம் மொழியிலேயே ஆட்டத்தை விளக்கினர். நம்மிலும் முன்னோடிகள் இல்லாமற் போகவில்லை. சாத்தான்குளம் அப்துல் சப்பார் முதலானோர், ஆங்கிலேயர் தந்த மட்டைப்பந்தை வானொலியில் தமிழில் நேர்முகமாக விளக்கினர். தேநீர்க்கடைதோறும் மக்கள் நின்று கேட்டனர். கனடாவில் வாழும் தமிழ்க் குடும்பம் ஒன்றின் கதையைச் சொல்லும் கணினி ஆட்டம் ஒன்று 2023-இல் வெளிவந்து, அடுத்த ஆண்டே பிரித்தானியத் திரைக்கலை அமைப்பின் முதற்படைப்புப் பரிசை வென்றது. அதன் பெயர் என்ன தெரியுமா? ‘வெண்பா’! உலக ஆட்டக்காரர் வெண்பா என்று ஒலிக்க, பெரம்பூர்த் தம்பி மட்டும் ‘பண்ணு’வோடு நிற்பதா?

பெரம்பூருக்கு இப்பணி புதிதன்று. 1918-இல், பின்னி ஆலைத் தொழிலாளரை முன்னிறுத்திச் சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றியது இவ்வட்டாரத்தில்தான். ஆலைத் தொழிலாளர் உரிமையை மேடையில் பேசுவது அந்நாளில் முற்றிலும் புதிய துறை. வாடியா ஆங்கிலத்தில் பேசினார். அது தமிழில் பெயர்த்துரைக்கப்பட்டது. அம்மேடையில் ஏறியவர் திரு.வி.க. அவர் யார்? பள்ளியில் தமிழ் பயிற்றிய ஆசிரியர்! ‘ஆலைக்கரியும் பஞ்சுத்தூசும் படிந்தவர்க்குச் செந்தமிழ் எதற்கு?’ என்று அவர் ஒதுங்கியிருந்தால், தமிழ் மேடைப்பேச்சின் பெருமை பிறந்திருக்குமா? அத்தொழிலாளர் வாழ்ந்த அதே தெருக்களில்தான் இன்று கைப்பேசி மேடை எழுந்திருக்கின்றது. அன்று புதுத்துறைக்கு வந்த தமிழாசிரியர் இன்று எங்கே?

ஆகவே, இயக்கத் தோழர்களே! பெரம்பூர் தொடங்கி வியாசர்பாடி, இராயபுரம், திருவொற்றியூர், எண்ணூர் வரை நம் கிளைகள் ஒவ்வொன்றும் தத்தம் பகுதியின் ஆட்டக்கார இளைஞர் நால்வரையேனும் அழைத்து அமர்த்துக. அவர்களே நாளும் சொல்லும் சொற்களில் ஐம்பதை எழுதுக. ஒவ்வொன்றிற்கும் ஈரசை தாண்டாத தமிழ்ச்சொல்லை அவர்களோடு கலந்தே தேர்க. எது வாயில் நிற்கின்றது, எது நழுவுகின்றது என்பதை ஆட்டமே தீர்க்கட்டும். பள்ளிகளில் பேச்சுப்போட்டியோடு ஆட்ட விளக்கப் போட்டியும் நடைபெறட்டும். அயற்சொல்லும் இழிசொல்லும் கலவாது பத்து மணித்துளி ஆட்டத்தை விளக்கியவர்க்குப் பரிசு தருக.

தம்பிகாள்! உங்களை ஆடாதீர் என்று நாம் சொல்லவில்லை. படிப்பையும் உறக்கத்தையும் ஆட்டத்திற்கு இரையாக்காதீர், அளவறிந்து ஆடுங்கள். பதியும்போது தமிழ் பேசுங்கள். தலைப்பைத் தமிழெழுத்தில் இடுங்கள். வீழ்ந்த பகைவனையும் அவன் தாயையும் இழிக்கும் சொல் உங்கள் வாயில் வேண்டா. புறமுதுகிட்டவன்மேல் வேல் எறியாத மறவர் வழிவந்தவர் நீங்கள். உங்கள் குரலை நாளை கேட்கப்போகும் பத்து அகவைச் சிறுவன், தமிழ் இப்படித்தான் போலும் என்று உங்களிடமே கற்கின்றான். எந்தத் தமிழாசிரியனுக்கும் கிட்டாத மாணவன் அவன். அவன் செவியில் நல்ல தமிழை இடுங்கள், வாகை உங்களுடையது!