பிறந்த மண்ணும் பிரஜா உரிமையும்

ஸ்ரீரங்கத்தில் சித்திரை வீதியிலோ உத்திர வீதியிலோ நாலு வீட்டு வாசல்களைக் கடந்தால், ஒரு வீட்டிலாவது மகனோ மகளோ அமெரிக்காவில் உத்தியோகம் பார்ப்பதாகக் கேள்விப்படுவோம். ஆகையால், தற்காலிக விசாவில் தங்கியிருக்கும் தாய்க்கு அங்கே பிறக்கும் குழந்தை, தகப்பன் அந்நாட்டுப் பிரஜையாகவோ நிரந்தரவாசியாகவோ இல்லாவிடில் பிரஜையாகாது என்று ஜனாதிபதி டிரம்ப் 2025 ஜனவரி 20-ஆம் தேதி உத்தரவிட்ட செய்தி இங்கே கவலையோடு படிக்கப்பட்டதில் வியப்பில்லை. 1868-ஆம் ஆண்டின் 14-ஆவது சாசனத் திருத்தமும், சீனப் பெற்றோருக்கு சான் பிரான்சிஸ்கோவில் பிறந்த வோங் கிம் ஆர்க் என்பவர் அமெரிக்கப் பிரஜையே என்று 1898-இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பும் நிலைநாட்டிய தத்துவத்தையே அந்த உத்தரவு அசைத்துப் பார்த்தது. பல நீதிமன்றங்கள் உடனுக்குடன் அதற்குத் தடை விதித்தன.

நம்மவர்களின் அந்தக் கவலை நியாயமானதே. ஆனால் பேரக் குழந்தையைப் பார்க்கப் புறப்படும் தாத்தாவும் பாட்டியும் காவிரிப் பாலத்தைத் தாண்டித் திருச்சி விமான நிலையத்துக்குப் போகும்போது, அதற்கு அண்டையிலுள்ள கொட்டப்பட்டு இலங்கைத் தமிழர் முகாமில், இந்த மண்ணிலேயே பிறந்து, நம் ஊர்ப் பள்ளிகளிலேயே படித்து, இலங்கையைக் கண்ணாலும் காணாத வாலிபர்கள் சட்டத்தின் பார்வையில் அந்நியர்களாகவே வாழ்கிறார்கள் என்பதை எத்தனை பேர் நினைத்துப் பார்க்கிறோம்? அயல்நாட்டிடம் நாம் உரிமையோடு எதிர்பார்க்கும் நியாயத்தை, நம் ஊரில் பிறந்தவர்களுக்கு நாமே வழங்காதிருக்கிறோம்.

இந்த அநியாயத்தின் மூலம் கடலுக்கு அப்பால் இருக்கிறது. இலங்கை சுதந்திரம் பெற்ற 1948-ஆம் ஆண்டிலேயே இயற்றப்பட்ட குடியுரிமைச் சட்டம், தேயிலைத் தோட்டங்களில் தலைமுறை தலைமுறையாக உழைத்த இந்திய வம்சாவளித் தமிழர்களிடம், தகப்பனார் இலங்கையில் பிறந்ததற்கோ, அன்றேல் பாட்டனாரும் அவருடைய தகப்பனாரும் அங்கே பிறந்ததற்கோ அத்தாட்சி கேட்டது. தோட்டத்து வரிசை வீடுகளான லயங்களில் பிறந்து லயங்களில் மடிந்தவர்கள் அத்தாட்சிக்கு எங்கே போவார்கள்? லட்சக்கணக்கானோர் நாடற்றவர்களானார்கள். 1964 அக்டோபர் 30-இல் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்துகொண்ட ஒப்பந்தம், அவர்களில் 9,75,000 பேரைக் கணக்கில் எடுத்து, இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000 என்று பங்கிட்டு, மிச்சம் 1,50,000 பேரின் கதியைப் பிற்பாடு பார்த்துக்கொள்ளலாம் என்று ஒத்திவைத்தது. 1974-இல் அந்த மிச்சமும் பாதிப் பாதியாயிற்று. பின்னர் 1983 ஜூலைக் கலவரத்தையடுத்து, வடக்கு கிழக்குத் தமிழர்களோடு, மலையகத்திலிருந்து வன்னிக்குப் போய்க் குடியேறியிருந்தவர்களும் படகேறி ராமேசுவரம் கரையை அடைந்தார்கள். மண்டபத்திலும் கொட்டப்பட்டிலும் வாழவந்தான்கோட்டையிலும் இன்னும் அநேக ஊர்களிலும் முகாம்கள் நிரம்பின.

பாட்டன் முப்பாட்டனின் ஜன்மபூமிக்குச் சாட்சி கேட்ட இலங்கைச் சட்டத்தை நாம் கண்டித்தோம். கண்டிக்கும் தகுதியும் அன்று நமக்கு இருந்தது. ஏனெனில் 1955-ஆம் ஆண்டின் நமது குடியுரிமைச் சட்டம், அந்நிய நாட்டுத் தூதர்களின் குழந்தைகளைப் போன்ற சில விலக்குகள் நீங்கலாக, 1950 ஜனவரி 26 முதல் இந்தியாவில் பிறந்தவர் அனைவரையும், பெற்றோர் யார் என்று வினவாமலே பிரஜைகளாக ஏற்றுக்கொண்டது. அஸ்ஸாம் ஒப்பந்தத்துக்கு மறு ஆண்டு, 1986-இல், அந்த விசாலம் சுருங்கத் தொடங்கிற்று: 1987 ஜூலை 1 முதல் பிறப்பவருக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியப் பிரஜையாக இருக்க வேண்டும் என்றாயிற்று. 2003-இல் இயற்றப்பட்டு 2004 டிசம்பர் 3-இல் அமலுக்கு வந்த திருத்தமோ, ஒருவர் பிரஜையாயிருந்தும் மற்றவர் ‘சட்டவிரோதக் குடியேறி’யாக இருப்பின் குழந்தைக்கு உரிமை இல்லை என்று கதவை இன்னும் நெருக்கிச் சாத்தியது. பொன்மலையில் பிறந்த பெண், விசாவின்றிப் படகில் வந்த முகாம்வாசியை மணந்தால், திருச்சி அரசு மருத்துவமனையில் பிறக்கும் அவர்கள் குழந்தை அந்நியக் குழந்தை!

1987-க்கு முன் முகாமில் பிறந்து கொட்டப்பட்டில் வாழும் ஒரு பெண்மணி, மறுக்கப்பட்ட பாஸ்போர்ட்டை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் வழக்காடிப் பெற்று, 2024 மக்களவைத் தேர்தலில் வாக்கும் அளித்தார். அவருக்குச் சில வருஷம் பிந்தி அதே முகாமில் பிறந்தவருக்கு அந்த வழக்கைத் தொடுக்கும் ஆதாரமே இல்லை. தாயின் பிரசவ வலி ஜூன் மாதத்தில் கண்டதா ஜூலையில் கண்டதா என்பதைக் கொண்டு ஒரு மனிதனின் தேசத்தை நிர்ணயிப்பது எந்த தர்மம்?

வாசல் திறக்க வாய்ப்பு வராமலில்லை. இந்திய வம்சாவளியினரான முகாம்வாசிகளின் விண்ணப்பங்களை மத்திய அரசாங்கம் பரிசீலிக்க வேண்டும் என்று 2019 ஜூன் 17-இல் மதுரைக் கிளையில் நீதிபதி ஜி.ஆர். சுவாமிநாதன் தீர்ப்பளித்தார். அவ்வாண்டு டிசம்பரிலேயே நிறைவேறிய குடியுரிமைத் திருத்தச் சட்டம், பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் ஆகிய மூன்று நாடுகளிலிருந்து 2014 டிசம்பர் 31-க்குள் வந்த ஆறு மதத்தவருக்கு வழிவிட்டு, இலங்கையைச் சேர்க்காமலே விட்டது. பழைய அந்நியர் சட்டங்களுக்குப் பதிலாக 2025 செப்டம்பர் 1-இல் அமலுக்கு வந்த சட்டத்தின் கீழ், 2015 ஜனவரி 9-க்குள் தஞ்சம் புகுந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்களுக்குத் தண்டனையிலிருந்து விலக்குக் கிடைத்தது மெய்யே. ஆயினும் தண்டிக்கமாட்டோம் என்பது வேறு, நீ நம்மவன் என்பது வேறு. மாநில அரசு 2021-இல் ‘அகதிகள் முகாம்’ என்பதை ‘மறுவாழ்வு முகாம்’ என்று மாற்றி, 7,469 வீடுகள் கட்ட முனைந்தது பாராட்டத்தக்கது. பிரஜா உரிமை வழங்கும் அதிகாரமோ டில்லியிடம் இருக்கிறது.

தேசப் பாதுகாப்பு என்ன ஆவது என்று கேட்பார்கள். கியூ பிரிவு போலீசாரும் வருவாய்த் துறையினரும் தலை எண்ணிப் பதிவேட்டில் நாற்பது வருஷமாக வைத்திருப்பவர்களைக் காட்டிலும் அரசாங்கத்துக்கு நன்கு தெரிந்த ஜனங்கள் யார்? இங்கே உரிமை கொடுத்தால் இலங்கையில் தமிழரின் பலம் குன்றும் என்ற வாதம் சற்றுக் கனமானது. எனினும் ஓர் இனத்தின் எண்ணிக்கையைக் காப்பதற்காக இங்கே பிறந்த குழந்தையை நாடற்றதாக வைத்திருக்க நமக்கு அதிகாரம் இல்லை. திரும்பிப் போக விரும்புவோர் போகட்டும், அதற்கும் உதவலாம். ஆனால் தேர்ந்துகொள்ளும் உரிமை அவர்களுடையதாக இருக்க வேண்டும்.

உடையவர் ராமானுஜர் சோழ மன்னனின் கோபத்துக்குத் தப்பி மேல்கோட்டையில் நெடுங்காலம் தங்கிய வரலாற்றையும், 1323-இல் படையெடுப்புக்கு அஞ்சி எடுத்துச் செல்லப்பட்ட உற்சவ மூர்த்தி நம்பெருமாள் ஊர் ஊராக அலைந்து 1371-இல்தான் திரும்பிய வரலாற்றையும் சொல்லிச் சொல்லி வளர்ந்த ஊர் இது. தஞ்சம் என்பதன் பொருளை ஸ்ரீரங்கத்துக்கு யாரும் உபதேசிக்க வேண்டியதில்லை. இந்த ஊரைப் பிரதிநிதித்துவம் செய்பவர்கள் பார்லிமெண்டில் கேட்க வேண்டியது ஒன்றே: பதிவுபெற்ற இலங்கைத் தமிழர்களுக்கு இந்தியாவில் பிறந்த பிள்ளைகளைப் பிறந்த தேதி பாராமல் பிரஜைகளாக ஏற்கவும், வம்சாவளியினரான பெற்றோர் விண்ணப்பித்துப் பதிவு பெறவும், குடியுரிமைச் சட்டத்தில் ஒரு ஷரத்தைச் சேர்க்க வேண்டும். அதைச் செய்யாதவரையில், வாஷிங்டனின் உத்தரவை அநீதி என்று நாம் கண்டிப்பது நம் பிள்ளைகளுக்காக வாதாடுவதாகுமே தவிர நீதிக்காக வாதாடுவதாகாது.