இருபது வயதில் முடிந்து போகும் விளையாட்டா?



சென்ற மாதம் நான்காம் ஆண்டு உடற்கல்விப் பாடத்தில் இசைக்கேற்ற அசைவுகளைக் கற்பித்தேன். பள்ளியில் முறையான ரிப்பன் இல்லை. தீபாவளி அலங்காரத்தில் மிஞ்சிய சாட்டின் துணியை நீளமாக வெட்டி, என் மேசையில் கிடந்த பிரம்பின் நுனியில் கட்டிக் கொடுத்தேன். ஒரு மாணவி அதை வாங்கிச் சுழற்றினாள். துணி தரையைத் தொடவே இல்லை. எப்போதும் இரைச்சலாக இருக்கும் வகுப்பு அன்று வாய்மூடிப் பார்த்தது.

மாலையில் அவளை அழைத்துச் செல்ல வந்த தாயாரிடம் இதைச் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை.

"டீச்சர், அவளுக்கு ஆசை காட்டாதீங்க. இதெல்லாம் இருபது வயசுல முடிஞ்சு போற விளையாட்டு. அப்புறம் யாரு சோறு போடுவா? அந்த உடுப்பைப் போட்டா சொந்தக்காரங்க என்ன சொல்லுவாங்க?"

அவரைக் குறை சொல்ல மாட்டேன். புக்கிட் செந்தோசாவில் குடியேறிய பல குடும்பங்களைப் போல அவர்களும் தோட்டத்திலிருந்து வந்தவர்கள். நிலையான வேலை என்பது எவ்வளவு அரிது என்பதை அனுபவித்து அறிந்தவர்கள். எனினும், அவர் கேட்ட கேள்விகள் தவறான கேள்விகள் என்றே எனக்குத் தோன்றுகிறது.

நம் நாட்டில் இவ்விளையாட்டைக் கிம்ராமா என்பர். 13 மீட்டர் நீள அகலமுள்ள விரிப்பில், வளையம், பந்து, கட்டை, ரிப்பன் போன்ற கருவிகளுடன் இசைக்கேற்ப ஆட வேண்டும். தனிநபர் ஆட்டம் ஒன்றரை நிமிடத்தைத் தாண்டாது. பெரியவர் பிரிவில் ரிப்பனின் நீளம் 6 மீட்டர். ஒலிம்பிக்கில் 1984ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சலஸ் போட்டியில்தான் இது முதன்முதலாக இடம்பெற்றது. உடை பற்றிய அச்சத்திற்கும் விடை உண்டு. கால் வரை மறைக்கும் உடையையும் அனைத்துலக விதிகள் அனுமதிக்கின்றன.

1998ஆம் ஆண்டு செப்டம்பரில் கோலாலம்பூரில் காமன்வெல்த் விளையாட்டுப் போட்டி நடைபெற்றபோது நான் எஸ்.பி.எம். தேர்வுக்குப் படித்துக் கொண்டிருந்தேன். 50 கிலோமீட்டர் நடைப்போட்டியில் ஜி. சரவணன் தங்கம் வென்றதை நம்மவர் பலரும் இன்றும் பேசுகிறோம். அதே போட்டியில் மலேசியக் கிம்ராமா குழுவும் தங்கம் வென்றது. தை சீ கியாட், எல் ரெஜினா தாஜுடின், கெரோலின் ஆவ் யோங் ஆகியோருடன் அக்குழுவில் இருந்தவர் சரினா சுந்தர ராஜா. அந்தப் பெயரை நம் வீடுகளில் எத்தனை பேர் நினைவில் வைத்திருக்கிறோம்?

சரினாவின் விளையாட்டு வாழ்க்கை பதக்கத்தோடு முடிந்துவிடவில்லை. அவர் பயிற்சியாளரானார். பின்னாளில், விளையாட்டுத் துறையில் சிறுவர்களும் பெண்களும் துன்புறுத்தலின்றிப் பயில வேண்டும் என்பதற்காக, சேஃப் ஸ்போர்ட் மலேசியா அமைப்பின் வழி வெளிப்படையாகக் குரல் கொடுத்து வருகிறார்.

வேல்ஸ் நாட்டின் பிரான்கி ஜோன்ஸையும் பாருங்கள். 2014ஆம் ஆண்டு கிளாஸ்கோ காமன்வெல்த் போட்டியில் தம் நாட்டுக் கொடியை ஏந்திச் சென்றார். ரிப்பன் பிரிவில் தங்கத்தோடு ஐந்து வெள்ளிப் பதக்கங்களையும் வென்றார். அத்துடன் ஓய்வு பெற்றார். அப்போது அவருக்கு வயது 23. ஆம், இது குறுகிய காலத்தில் முடியும் விளையாட்டுதான். ஆனால், 23 வயதில் ஒரு பெண்ணின் வாழ்க்கை முடிந்து விடுகிறதா என்ன? தன் உடலை ஆளத் தெரிந்த ஒருத்திக்கு அங்கேதான் வாழ்க்கை தொடங்குகிறது.

அப்படியானால் சரியான கேள்வி எது?

வேல்ஸையும் உள்ளடக்கிய பிரிட்டனின் ஜிம்னாஸ்டிக் பயிற்சி முறை குறித்து, வழக்கறிஞர் ஆன் வைட்டின் விசாரணை அறிக்கை 2022ஆம் ஆண்டு ஜூனில் வெளியானது. 400க்கும் மேற்பட்டோர் தங்கள் அனுபவங்களை அவ்விசாரணைக்குத் தெரிவித்திருந்தனர். காயத்துடன் ஆடவைத்தது, எடையைச் சொல்லி அவமானப்படுத்தியது, உணவும் நீரும் மறுத்தது, கழிப்பறைக்குச் செல்ல விடாதது என்று பட்டியல் நீள்கிறது. இவை பதக்கங்கள் குவிந்த நாட்டில் நடந்தவை. பிள்ளைகள் சொன்னதைப் பெரியவர்கள் கேட்கவில்லை என்பதே அதன் சாரம்.

இதைப் படித்தபோது எனக்கு உறுத்தியது. சில ஆண்டுகளுக்கு முன், ஓட்டப்பந்தயப் பயிற்சியில் ஒரு மாணவி கணுக்கால் வலிக்கிறது என்றாள். "சாக்குச் சொல்லாதே, ஓடு" என்றேன். ஓடினாள். மறுநாள் கால் வீங்கி, அப்பாவின் தோளைப் பிடித்தபடி நொண்டி வந்தாள். அந்தத் தந்தை என்னிடம் ஒரு வார்த்தையும் கேட்கவில்லை. "டீச்சர் நல்லதுக்குத்தான் சொல்லியிருப்பாங்க" என்றார். இன்றும் என்னைச் சுடுவது அந்த நம்பிக்கைதான்.

ஆகவே பெற்றோரே, பயிற்சி மண்டபத்தின் வாசலில் இவற்றைக் கேளுங்கள். நான் உட்கார்ந்து பார்க்கலாமா? வலிக்கிறது என்று என் பிள்ளை சொன்னால் என்ன செய்வீர்கள்? அவளுடைய எடையைப் பற்றி மற்றவர்கள் முன் பேசுவீர்களா? அவள் ஒரு பெரியவருடன் தனியாக இருக்க நேருமா? இக்கேள்விகளுக்கு முகம் சுளிக்கும் இடத்தில் பிள்ளையை விடாதீர்கள். முகம் சுளிக்காத இடமென்றால் தயங்காமல் விடுங்கள். சிறுவர் மீதான பாலியல் குற்றம் பற்றித் தெரிந்தும் புகார் செய்யாதிருப்பது 2017ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம் என்பதை ஆசிரியர்களாகிய நாமும் மறக்கக் கூடாது.

பயிற்சி மையங்கள் பெரும்பாலும் தலைநகர்ப் பக்கமே உள்ளன. வேன் செலவு சுமைதான். இதைப் பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டத்தில் முன்வைக்கப் போகிறேன். அந்தத் தாயாரிடமும் மீண்டும் பேசினேன். "முதல்ல வந்து பார்க்கிறேன் டீச்சர்" என்றார். அது போதும். எல்லாப் பெற்றோரும் செய்ய வேண்டியது அதுதான்.

பிரம்பில் கட்டிய ரிப்பனை நான் இன்னும் அவிழ்க்கவில்லை.

சிந்திப்போம், செயல்படுவோம்.