பிழைப்பூதியமும் நீதிபதியின் மனசாட்சியும்

மாசம் பொறந்ததும் பாஸ்புக்கில் பாதிச் சம்பளம் விழுந்திருந்தால் ஆள் சஸ்பெண்ட் என்று அர்த்தம். ஊரில் இதை முதலில் தெரிந்துகொள்கிறவன் என்னைப் போன்ற வங்கிக் குமாஸ்தாதான். அந்தப் பாதிக்கு அரசாங்கம் வைத்திருக்கும் பெயர் பிழைப்பூதியம். பிழைத்துக் கிட என்கிறது.

அண்ணன் செங்கம் சாலைப் பக்கத்துக் கிராமமொன்றில் அரசுப் பள்ளி ஆசிரியர். காலனிப் பிள்ளைகளை மட்டும் கக்கூஸ் கழுவ அனுப்புவது ஏன் என்று தலைமையாசிரியரைக் கேட்டார். அதற்குச் சஸ்பென்ஷன், பின்னாலேயே 17(பி) மெமோ. ரமணாசிரமத்துக்கு எதிரே டீக்கடையில், மௌனம் தேடிக் கண்டம் தாண்டி வந்தவர்களுக்கு நடுவே உட்கார்ந்து அதை வாசித்தேன். மேலதிகாரியை அவமதித்தாராம், பள்ளி ஒழுங்கைக் குலைத்தாராம். கக்கூஸ் என்ற சொல் நாலு பக்கத்தில் எங்குமில்லை. விசாரணை அதிகாரியோ தலைமையாசிரியரின் சாதிக்காரர், கல்யாணம் காதுகுத்துக்குப் போய்வருகிறவர்.

"வுடு தம்பி, தண்டனை குடுக்கட்டும். ஐகோர்ட்ல ரிட் போட்டு ஒடச்சிக்கலாம்" என்றார். இந்த நம்பிக்கையோடுதான் எனக்குச் சண்டை.

1995இல் பி.சி. சதுர்வேதி வழக்கில் உச்சநீதிமன்றம் கோடு கிழித்துவிட்டது. நீதிமன்றம் சாட்சியத்தை மறுபடி எடைபோடாது. விசாரணை முறையாக நடந்ததா, முடிவுக்குக் கொஞ்சமாவது சாட்சியம் உண்டா என்று பார்க்கும், அவ்வளவுதான். தண்டனையில் கைவைக்க அது நீதிபதியின் மனசாட்சியை உலுக்க வேண்டும். உலுக்கினாலும் பெரும்பாலும் கோப்பு தண்டித்த அதிகாரியிடமே திரும்பிப் போகும், மறுபரிசீலனை செய்க என்று.

யாருடைய மனசாட்சி அய்யா அது? எந்தத் தெருவில் வளர்ந்தது? 2003 ஜூலையில் வேலைநிறுத்தம் செய்த சுமார் 1,70,000 அரசு ஊழியர்களையும் ஆசிரியர்களையும் ஜெயலலிதா அரசு விசாரணையே இல்லாமல் வீட்டுக்கு அனுப்பியது. ஆகஸ்ட் 6 அன்று உச்சநீதிமன்றம், வேலைநிறுத்தம் செய்ய அடிப்படை உரிமையும் இல்லை, சட்ட உரிமையும் இல்லை, தார்மீக உரிமையும் இல்லை என்றது. நிபந்தனையற்ற மன்னிப்பு எழுதிக்கொடுத்துத்தான் பெரும்பாலோர் உள்ளே போனார்கள். 6,072 பேருக்கு அதுவும் உடனே கிடைக்கவில்லை. அன்று நியாயமாகவே கொதித்த சங்கங்களில் ஒன்றிடம் அண்ணனின் மெமோவைக் கொண்டுபோனேன். "அது அவரோட பர்சனல் பிரச்சின சார்" என்றார் நிர்வாகி.

நாமும் யோக்கியமில்லை தோழர்களே. ஆர்ப்பாட்டத்துக்கு லாரி பிடிக்கிறோம், போஸ்டர் ஒட்டுகிறோம். விசாரணை நாளில் அந்த அறை வாசலில் நம்மாள் ஒருத்தரும் இருப்பதில்லை. கோர்ட் நாளைக்குப் படிக்கப்போவது அந்த அறையில் எழுதப்பட்ட காகிதத்தை மட்டும்தான். அங்கே சாதி எழுதப்படாவிட்டால் மெட்ராஸில் எந்த வக்கீலாலும் அதைக் கோப்புக்குள் நுழைக்க முடியாது.

1987இல் ரஞ்சித் தாக்கூர் என்ற சிப்பாயின் வழக்கு. அதிகாரி கொடுமைப்படுத்துகிறார் என்று மேலிடத்துக்கு எழுதினார், தண்டனை பெற்றார். தண்டனையில் இருந்தபோது சோறு தின்ன மறுத்தார் என்று ஓராண்டுச் சிறை, டிஸ்மிஸ். யார்மேல் புகார் சொன்னாரோ அவரே விசாரித்த ராணுவ நீதிமன்றத்திலும் உட்கார்ந்திருந்தார். உச்சநீதிமன்றம் பாரபட்சம் என்றும், குற்றத்துக்குச் சற்றும் பொருந்தாத தண்டனை என்றும் சொல்லி ரத்து செய்தது. இந்தப் பாரபட்சம் என்ற வாசல் நமக்கும் திறந்திருக்கிறது. ஆனால் ஆட்சேபணையை முதல் நாளே எழுத்தில் கொடுத்திருக்க வேண்டும். தண்டனை வந்தபிறகு சொன்னால், இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்பார்கள்.

மெமோவில் வாய்மொழி விசாரணை வேண்டுமா என்று ஒரு வரி இருக்கும். வெறுத்துப்போய் நம்மாட்கள் 'வேண்டாம்' என்று எழுதிவிடுகிறார்கள். எழுதாதீர்கள். வேண்டும் என்றால்தான் சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யலாம். கக்கூஸை எந்தப் பிள்ளைகள், எந்தக் கிழமை, யார் சொல்லிக் கழுவினார்கள் என்று தலைமையாசிரியரிடமே கேட்கலாம். பதில் பதிவாகும்.

விசாரணை அதிகாரியை மாற்றக் கேட்டு அண்ணனும் நானும் மனு எழுதிக்கொண்டிருக்கிறோம். முதல் வரியிலேயே கக்கூஸ் என்று போட்டிருக்கிறேன். "கழிப்பறைன்னு மாத்து தம்பி, ஆபீசுக்குப் போற காகிதம்" என்கிறார். மாத்த மாட்டேன் என்று சொல்லிவிட்டேன்.