ஏலம் எல்லா உரிமையையும் தந்துவிடாது
ஏலத்தில் வாங்கிய லாரியைக் காவல்துறை கைப்பற்றுவது எப்போதும் சட்டவிரோதமே என்றும், தூத்துக்குடி போன்ற துறைமுகத்தில் கப்பலே ஏலத்தில் வில்லங்கமின்றிக் கைமாறுகையில் லாரிக்கு மட்டும் தடை ஏன் என்றும் எழுப்பப்படும் வாதம், இருவேறு ஏலங்களை ஒன்றாகக் குழப்புகிறது. 2017-ஆம் ஆண்டின் கடல்சார் அதிகாரவரம்புச் சட்டத்தின் 8-ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றம் விற்கும் கப்பல், அடமானமும் பற்றுரிமையும், அதாவது கடனுக்காகப் பொருளின்மீது நிற்கும் உரிமையும், நீங்கியே வாங்குபவரைச் சேர்கிறது. அவ்வலிமை சட்டம் நீதிமன்ற விற்பனைக்குத் தந்ததேயன்றி ஏலக் கூவலால் வந்ததன்று. நிதி நிறுவனம் தவணை தவறியவரிடமிருந்து மீட்டு விற்கும் லாரிக்கோ, 1930-ஆம் ஆண்டின் சரக்கு விற்பனைச் சட்டத்தின் 27-ஆம் பிரிவே பொதுவிதி: சில விலக்குகள் தவிர, விற்பவருக்கு உள்ளதைவிட மேலான உரிமை வாங்குபவருக்குக் கிட்டாது. ஆகவே வண்டி திருட்டுப் பொருளென ஐயம் எழுந்தால், குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 106-ஆம் பிரிவின்கீழ் அதைக் கைப்பற்றக் காவல்துறைக்கு அதிகாரம் உண்டு.

எனினும் கைப்பற்றுதல் உடைமையைத் தீர்மானிப்பதன்று. வழக்கு முடியும்வரை வண்டியை நிலைய வளாகத்தில் கடற்கரை உப்புக்காற்றுக்கு இரையாக்குவதற்கும் அது உரிமம் ஆகாது. சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002-இல் உச்ச நீதிமன்றம், வண்டிகளை நிலையங்களில் நெடுங்காலம் நிறுத்திவைப்பதில் பயனில்லை எனக் கூறி, பிணைப்பத்திரமும் ஈடும் பெற்று உடனடியாக உரிய ஆணை பிறப்பிக்குமாறு குற்றவியல் நடுவர்களைப் பணித்தது. எனவே ஏலதாரர் செய்யவேண்டியது, ஏல ஆவணங்களுடன் அதே சன்ஹிதாவின் 503-ஆம் பிரிவின்கீழ் நடுவரிடம் இடைக்காலப் பொறுப்பைக் கோருவதும், உரிமை பொய்த்தால் விற்றவரிடம் பணத்தைத் திரும்பக் கேட்பதுமே. காவல்துறையின் அதிகாரத்தையே மறுப்பது வழக்கை நீட்டுமேயன்றி வண்டியை மீட்டுத் தராது.